தவறுச் செய்தவர் கையொப்பம்

மார்ச் மாதம் பதினான்காம் நாள், வெள்ளிக்கிழமை. காலை ஏழு மணி ஐந்து நிமிடத்திற்கு, விமான நிலையத்தின் பதினோராம் முகப்பில், என் மனைவியின் வண்டியை விமானத்தில் ஏற்ற மறுத்துவிட்டார்கள். மறுப்பதற்கு அவர்கள் காட்டிய காரணம் நான் எழுதிய ஒரு தமிழ்ச் சொல். என் குறை இதுதான்: முப்பத்து நான்கு ஆண்டுகள் இலக்கணம் கற்பித்த ஒருவன் சரியாக எழுதிய சொல்லைத் தவறு என்று அவனையே எழுதச் சொல்லி, கீழே கையொப்பமும் இடச் சொன்னார்கள். அப்படிச் சொன்ன படிவத்திலேயே ஒரு பிழை இருந்தது.

தலைப்பைப் படித்ததும் எனக்குக் கடிதம் எழுத உட்கார்ந்துவிட்ட வாசகர்கள் பேனாவைக் கீழே வைக்கலாம். அந்தத் தேவையற்ற 'ச்' எனக்குத் தெரியாமல் நுழைந்ததன்று. ஆசிரியர் குழுவினரும் அதைத் தொட வேண்டா.

சென்ற வாரம் விட்ட இடம் நினைவிருக்கும். என் மனைவியுடன் ஒன்பது ஆண்டுகளாகப் பேசாதிருந்த அவளுடைய அக்கா, திங்கட்கிழமை ஒரு குறுஞ்செய்தி அனுப்பினார். அக்கா வாழும் ஊரில் சனிக்கிழமை காலை ஆறரை மணிக்கு ஒரு பந்தயம். ஒரு காலைப் பலகைமேல் ஊன்றி, மறுகாலால் தரையை உந்தி ஓட்டுகிறார்களே, அந்த வண்டிகளுக்கான பந்தயம். அறுபது வயதைக் கடந்த பெண்கள், இருவர் கொண்ட அணி, ஆளுக்கு ஐந்து கிலோமீட்டர். அக்காவின் கூட்டாளிக்குக் கணுக்கால் பிசகிவிட்டது. செய்தி இவ்வளவுதான்:

"உன் வண்டியோட வா. வேற யாரயும் கூட்டி கொண்டு வராதே."

எட்டுச் சொற்கள், நான்கு பிழைகள். நான் விரலை மடக்கியதை என் மனைவி பார்த்துவிட்டாள்.

"என்னங்க, இதுல எத்தனை தப்புன்னு மட்டும் சொன்னீங்க, நான் போனா திரும்பியே வரமாட்டேன்."

மடக்கிய விரல்களை நிமிர்த்திக்கொண்டேன்.

'வேறு யாரையும்' என்று அக்கா குறிப்பிட்டது என்னைத்தான். அவருடைய மகனின் திருமண அழைப்பிதழில் பதினொரு பிழைகள் இருந்தன. அவற்றைச் சிவப்பு மையில் திருத்தி, நல்ல எண்ணத்தோடு, வந்த உறையிலேயே வைத்துத் திருப்பி அனுப்பினேன். 'வருகைத் தந்து' என்று அச்சிட்டிருந்தார்கள். வருகை தருவதற்கு நடுவில் ஒரு 'த்' எதற்கு? அந்த அழைப்பிதழை ஆறு நாள் உட்கார்ந்து எழுதியவர் அக்காவே என்பது பிறகுதான் தெரிந்தது. திருமணத்திற்கு வர வேண்டா என்று எங்களிடம் எவரும் சொல்லவில்லை. போய் நின்றபோது எவரும் எங்களோடு பேசவும் இல்லை.

இனி, வெள்ளிக்கிழமைக்கு வருகிறேன்.

என் மனைவி தபால் நிலையத்தில் முப்பத்தோர் ஆண்டுகள் நின்றுகொண்டே கடிதம் பிரித்தவள். ஓய்வு பெற்ற பிறகு நாற்காலி அவளுக்கு ஒத்துவரவில்லை. "நின்னு பழகின காலுங்க, உட்கார வெச்சா வலிக்குது" என்று இரண்டு மாதம் வீட்டைச் சுற்றி வந்தாள். மூன்றாம் மாதம் எங்கள் மகள் தன் கடையிலிருந்து இந்த வண்டியைக் கொண்டுவந்து கொடுத்தாள். மகள் மிதிவண்டி பழுதுபார்ப்பவள். எந்நேரமும் பற்களுக்கிடையே ஒரு திருகாணியைக் கடித்துக்கொண்டிருப்பதால் வீட்டில் அவளுக்குத் 'திருகாணி' என்றே பெயர்.

அறுபத்து மூன்று வயதில் என் மனைவி முதன்முறையாக விமானம் ஏறப்போகிறாள். இரவெல்லாம் அவள் உறங்கவில்லை என்பது விடிந்ததும் தெரிந்தது. காலணியின் கயிற்றை இரண்டு முடிச்சுப் போட்டுக் கட்டிக்கொண்டு, படுக்கைமேல் உட்கார்ந்திருந்தாள்.

"அம்மா, விமானத்துல ஓடவா போறே? உட்காரத்தான் போறே," என்றாள் திருகாணி.

"இறங்கினதும் ஓடணும்ல?"

"இறங்கினதும் பெரியம்மா நிப்பாங்க."

"அதுக்குத்தான் சொல்றேன்."

ஆறு மணி நாற்பதுக்கு நிலையத்தின் கண்ணாடிக் கதவு திறந்தது. உள்ளே ஒரு நீண்ட கூடம். தரை பளபளவென்றிருந்தது, கூரை விளக்குகள் அத்தனையும் அதில் தெரிந்தன. ஒரு மேடு கிடையாது, ஒரு பள்ளம் கிடையாது. என் மனைவி அந்தத் தரையைப் பார்த்த பார்வையை, மணமான இந்த முப்பத்தெட்டு ஆண்டுகளில் அவள் என்மேல் செலுத்தியதாக எனக்கு நினைவில்லை.

"என்னங்க, பையைக் கொஞ்சம் பிடிங்க."

"எதற்கு?"

வண்டியைச் சுற்றியிருந்த போர்வையை உருவினாள், கைப்பிடியை நிமிர்த்தினாள், இடக்காலைப் பலகைமேல் வைத்தாள், வலக்காலால் ஒரு தள்ளு. அவ்வளவுதான். பெட்டியிழுப்பவர்கள் ஒதுங்கினார்கள். ஒரு குழந்தை கைதட்டியது. நான் இரண்டு பைகளோடு பின்னால் ஓடினேன். முகப்புக்குப் பத்தடி முன்னால் ஒரு காவலர் இரு கைகளையும் விரித்துக்கொண்டு குறுக்கே வந்தார்.

"அம்மா, அம்மா! இறங்குங்க! இது என்ன ரோடா?"

"ரோடு இவ்வளவு நல்லா இருந்தா நான் ஏன் தம்பி இங்க ஓட்டறேன்?"

காவலர் சிரிப்பை அடக்கிக்கொண்டு, "வயசைப் பார்த்து விடறேன்," என்றார்.

"வயசைப் பார்த்துத்தான் பந்தயத்துலயே சேர்த்திருக்காங்க," என்று சொல்லிவிட்டு அவள் இறங்கினாள். கன்னம் சிவந்திருந்தது. இந்த நல்ல மனநிலை இன்னும் கால் மணி நேரம் நீடித்தது.

பதினோராம் முகப்பில் இருந்த பெண் திரையைப் பார்த்தாள், வண்டியைப் பார்த்தாள், மீண்டும் திரையைப் பார்த்தாள்.

"அம்மா, மோட்டார் வண்டின்னு பதிவாகியிருக்கே. பேட்டரிக்கான சான்று எங்கே?"

"மோட்டாரா? இதுல ஒண்ணுமே கிடையாதும்மா. காலால தள்ளுறது."

"நீங்க அப்படிப் போடலையே."

"கிக் ஸ்கூட்டர்னு என் கையாலயே அடிச்சேன். இவளும் பக்கத்துல இருந்தா."

"ஆமாங்க, நான் பார்த்தேன்," என்றாள் திருகாணி.

அந்தப் பெண் திரையை எங்கள் பக்கம் திருப்பினாள். 'பொருளின் பெயர்' என்ற கட்டத்தில் விரலை வைத்து, "கா… லுந்… து," என்று எழுத்துக்கூட்டிப் படித்தாள். "இது என்ன?"

என் மனைவி அதைப் பார்த்தாள். மகளும் பார்த்தாள். பிறகு மகள் மெல்ல என் பக்கம் திரும்பினாள்.

"அப்பா. கை வெச்சீங்களா?"

மறைக்க நான் விரும்பவில்லை. அன்றும் மறைக்கவில்லை, இன்றும் மறைக்கவில்லை. புதன்கிழமை மாலை அவர்கள் இருவரும் உள்ளே துணி மடித்துக்கொண்டிருந்தார்கள். மேஜைமேல் கணினி திறந்திருந்தது. 'கிக் ஸ்கூட்டர்' என்ற அயற்சொல் அந்தக் கட்டத்தில் நின்றுகொண்டிருந்தது. ஓர் உழவன் வயலில் களையைக் கண்டால் என்ன செய்வானோ அதைத்தான் செய்தேன். அழித்தேன், எழுதினேன், 'அனுப்பு' என்பதை அழுத்தினேன். நான்கு நொடி வேலை.

"கை வைக்கலை. திருத்தினேன்," என்றேன்.

"ஐயோ, அப்பா!"

நான் முகப்புப் பெண்ணிடம் பொறுமையாகவே விளக்கினேன். "உந்து என்றால் முன்னோக்கித் தள்ளு என்று பொருள். காலால் உந்தப்படுவது காலுந்து. மூன்றாம் வேற்றுமைத் தொகை. இதில் மோட்டார் எங்கே வந்ததும்மா?"

அவள் கண் இமைக்கவில்லை. "பேருந்துல மோட்டார் இருக்கு சார். மகிழுந்துல இருக்கு. சரக்குந்துல இருக்கு. காலுந்துல மட்டும் இல்லைன்னா நான் எப்படி நம்புறது?"

வரிசையில் எனக்குப் பின்னால் நின்ற எவரோ சிரித்தார்.

சத்தம் கேட்டு, மூட்டைகளுக்குப் பொறுப்பான மேற்பார்வையாளர் வந்தார். வயிற்றை முன்னே அனுப்பிவிட்டுப் பின்னால் நடந்து வருபவர். திரையைக் குனிந்து படித்தார். "காலுந்தா? கால்வாசி மோட்டாரா? அப்ப அரையுந்து, முக்காலுந்து எல்லாம்கூட இருக்கா?"

இப்போது வரிசை முழுவதும் சிரித்தது. காவலரும் சிரித்தார். என் மகளும் சிரித்தாள். பற்களில் கடித்திருந்த திருகாணி கீழே விழுந்து உருண்டது.

என் மனைவி சிரிக்கவில்லை.

அந்தப் பெண் அடுக்கிய மூன்று சான்றுகளுக்கும் என்னிடம் மறுப்பு இருந்தது. அந்தச் சொற்களிலும் 'உந்து' என்பது உந்துதலையே குறிக்கிறது; மோட்டார் என்பது நம் மனத்தில் பின்னால் ஏறிக்கொண்ட பொருள். இதைச் சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.

"வாத்தியாரே," என்றாள் என் மனைவி.

அவள் என்னை எப்போதும் 'என்னங்க' என்றே அழைப்பாள். 'வாத்தியாரே' என்று அழைத்தது இதற்கு முன் ஒரே ஒரு முறை. அழைப்பிதழ் திரும்பிப் போன வாரத்தில்.

"அழைப்பிதழ்ல கை வெச்சீங்க. ஒன்பது வருஷம் போச்சு. நான் ஒரு வார்த்தை சொன்னேனா?"

"இல்லை."

"இப்ப என் வண்டியில கை வெச்சிருக்கீங்க. வண்டி போகலைன்னா நான் போக முடியாது. நான் போகலைன்னா அக்கா இனிமே கூப்பிட மாட்டா. கூப்பிட்டது இந்த ஒரு தடவைதான். அதுவும் பந்தயத்துக்கு ரெண்டு கால் வேணும்னு கூப்பிட்டது. எனக்கு அது போதும்." மூச்சு வாங்கினாள். "எப்ப மூடுவீங்கம்மா இந்த முகப்பை?"

"ஏழரைக்கு."

சுவர்க் கடிகாரத்தில் ஏழு மணி பன்னிரண்டு நிமிடம்.

அதற்குப் பிறகு எல்லாம் ஓட்டம்தான். திருகாணி தரையில் மண்டியிட்டாள். சட்டைப்பையிலிருந்து குறடு வெளியே வந்தது. "சார், இங்க பாருங்க. பேட்டரி வைக்கிற வண்டின்னா ஒண்ணு பலகைக்கு அடியில வைக்கணும், இல்லைன்னா கழுத்துக் குழாய்க்குள்ள வைக்கணும். பலகை ஒத்தைத் தகடு. குழாயைத் திறந்து காட்டறேன்."

பலகையும் கழுத்தும் சேரும் இடத்தில் ஓர் எஃகு ஆணி. சுண்டுவிரல் நீளம். அதை உருவினால்தான் கழுத்து கழன்று வரும். உருவினாள். "அப்பா, இதைப் பிடிங்க, கீழ போட்டுடாதீங்க," என்று என் கையில் திணித்தாள். நான் அதைச் சட்டைப்பையில், சிவப்புப் பேனாவுக்கும் நீலப் பேனாவுக்கும் நடுவில் செருகிக்கொண்டேன்.

மேற்பார்வையாளர் ஒற்றைக் கண்ணை மூடி, தொலைநோக்கியில் பார்ப்பதைப்போலக் குழாய்க்குள் பார்த்தார். மறுமுனையில் என் மகளின் கண் தெரிந்திருக்கும்.

"காத்துதான் இருக்கு," என்றார்.

"நான் சொல்றேன் சார்," என்று காவலர் முன்வந்தார். "இந்தம்மா காலால தள்ளித்தான் வந்தாங்க. நான்தானே கையும் வண்டியுமா பிடிச்சேன்."

"எனக்குப் புரியுது. கணினிக்குப் புரியணுமே. அது மோட்டார்னு எடுத்துக்கிச்சு. திருத்தப் படிவம் எழுதினாத்தான் அது விடும்." மேற்பார்வையாளர் முகப்புப் பெண்ணைப் பார்த்தார். "பதிவு பண்ணவங்களே கையெழுத்துப் போடணும். யாரு பதிவு பண்ணது?"

மூன்று விரல்கள் என்னைக் காட்டின. அவற்றுள் ஒன்று காவலருடையது. அவருக்கு எப்படித் தெரிந்தது என்பது எனக்கு இன்னும் விளங்கவில்லை.

படிவம் வந்தது. மூன்றே வரிகள். 'தவறான விவரம்' என்று ஒரு கோடு. 'சரியான விவரம்' என்று ஒரு கோடு. அவற்றின் கீழே, கட்டத்திற்குள், கொட்டை எழுத்தில்: 'தவறுச் செய்தவர் கையொப்பம்'.

தவறுச் செய்தவர்.

தவறைச் செய்தவர் என்று உருபை விரித்தால் 'ச்' வரும். தவறு செய்தவர் என்று தொகையாக நின்றால் வராது. இது எட்டாம் வகுப்புப் பாடம். ஒரு நிறுவனம் நாள்தோறும் நூற்றுக்கணக்கானோரைத் தவறு செய்தவர்கள் என்று ஒப்புக்கொள்ளச் சொல்கிறது. அப்படிச் சொல்லும் வரியிலேயே தவறு செய்கிறது. இதைக் கேட்க இந்த நாட்டில் ஆளில்லையா?

என் கை என்னைக் கேட்கவில்லை. சிவப்புப் பேனா எப்போது வெளியே வந்தது, மூடி எப்போது கழன்றது, எதுவும் அறியேன். 'ச்'சின் மேல் ஒரு சாய்கோடு, ஓரத்தில் நீக்கற்குறி. அழகாகவே விழுந்திருந்தது.

"சார்!" என்று அலறினாள் முகப்புப் பெண். "அடித்தல் திருத்தல் இருந்தா செல்லாது சார்! வேற படிவம் மாடியில அச்சு எடுத்துட்டு வரணும்!"

ஏழு மணி இருபத்தொரு நிமிடம்.

நான் என் மனைவியைப் பார்த்தேன். அவள் கோபப்படுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் குனிந்து, காலணியின் முடிச்சுகளில் ஒன்றை அவிழ்த்துக்கொண்டிருந்தாள். அவ்வளவுதான். இனி ஓட வேண்டியதில்லை என்று முடிவு செய்தவள் அவிழ்ப்பதைப் போல.

ஒன்பது ஆண்டுகளில் அவள் என்னை ஒரு சொல்லும் சொல்லவில்லை என்பது உண்மை. அதை நான் என் பக்கம் நியாயம் இருந்ததற்குச் சான்றாக எடுத்துக்கொண்டிருந்தேன். அந்த முடிச்சு அவிழ்வதைப் பார்த்தபோதுதான், அவள் இத்தனை காலமும் அக்காவைப் பார்க்கும் ஆசையை இப்படித்தான் அவிழ்த்துக்கொண்டிருந்தாள் என்பது எனக்குப் புரிந்தது.

"நீ அதைக் கட்டு," என்றேன். "மாடி எங்கே இருக்கிறது?"

"பணியாளர் மட்டும்தான் போகலாம் சார்."

"நான் போறேன்," என்றார் காவலர். சொல்லி முடிப்பதற்குள் ஓடிவிட்டார். தொப்பி பாதி வழியில் விழுந்தது, திரும்பிப் பார்க்கவில்லை. திருகாணி பின்னாலேயே ஓடிப்போய் அதை எடுத்துக்கொண்டு வந்தாள். வரிசையில் சிரித்தவர்கள் இப்போது கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். "இருபத்து மூணு," என்றார் ஒருவர். "இருபத்து நாலு," என்றார் இன்னொருவர். தேர்வுக் கூடத்தில் மணியடிக்கும்போது மாணவனுக்கு எப்படி இருக்கும் என்பதை அறுபத்தெட்டு வயதில் தெரிந்துகொண்டேன்.

ஏழு மணி இருபத்தாறுக்குக் காவலர் வந்தார். தாள் அவர் கையில் இன்னும் சூடாக இருந்தது.

என் மகள் கையை நீட்டினாள். "பேனா."

"எது?"

"எதுன்னு உங்களுக்குத் தெரியும்பா."

சிவப்புப் பேனாவை அவளிடம் கொடுத்தேன். நீலத்தை எடுத்தேன்.

தவறான விவரம்: காலுந்து.

சரியான விவரம்: இந்த இடத்தில் என் கை நின்றது. 'உதைவண்டி' என்று எழுதலாமா? 'தள்ளுவண்டி' என்றால் காய்கறி நினைவு வரும். என் மனைவியின் மூச்சு என் தோளுக்கருகே கேட்டது.

"என்னன்னு எழுத?" என்று அவளைக் கேட்டேன். அவளுடைய பொருளுக்கு என்ன பெயர் என்று நான் அவளைக் கேட்டது அதுவே முதல்முறை.

"கிக் ஸ்கூட்டர்," என்றாள்.

எழுதினேன். ஒற்றுகளை அழுத்தமாகவே வைத்தேன்.

பிறகு, தவறுச் செய்தவர் என்ற கொட்டை எழுத்துகளுக்கு நேர்மேலே, அவற்றைத் தொடாமல், என் முழுப் பெயரையும் எழுதிக் கையொப்பமிட்டேன். பேனா முனை அந்தச் 'ச்'சின் புள்ளியைக் கடந்தது. தொடவில்லை.

முகப்புப் பெண் தட்டச்சு செய்தாள். திரை யோசித்தது. பிறகு பச்சையானது.

வரிசையில் ஒருவர் கைதட்டினார். மேற்பார்வையாளர், கழற்றியபடியே இருந்த பலகையையும் கழுத்தையும் சேர்த்துக் கட்டினார். "இப்படியே போகட்டும், இடம் அடைக்காது," என்று சொல்லி வாரை இறுக்கி, தானே தூக்கி நகரும் பட்டைமேல் வைத்தார். மூட்டை அசைந்து அசைந்து ரப்பர் திரைக்குள் போய் மறைந்தது. என் மனைவி அது மறையும்வரை பார்த்துவிட்டு, மீண்டும் குனிந்து முடிச்சைப் போட்டாள். இந்த முறை மூன்று.

உள்ளே போகும் வாயிலில் திரும்பினாள். ஏதோ பெரிதாகச் சொல்லப்போகிறாள் என்று நின்றேன்.

"என்னங்க, மாத்திரை அலமாரியில இருக்கு. வெறும் வயித்துல போட்டுக்காதீங்க."

'என்னங்க'. நான் தலையசைத்தேன். அவள் வேகமாக, ஏறக்குறைய ஓட்டமாக, உள்ளே போனாள்.

எட்டேகால் விமானம் மேலே எழும்பியதை வாகனம் நிறுத்துமிடத்திலிருந்து பார்த்தோம். திருகாணி இரண்டு கைகளையும் தலைக்குமேல் தூக்கிக் குதித்தாள். நானும் கை தூக்கியிருக்கிறேன். பக்கத்து வாகனக்காரர் பார்த்த பிறகுதான் தெரிந்தது. இந்த அத்தியாயத்தை அங்கேயே எழுதத் தொடங்கிவிட வேண்டும் என்று ஒரு துடிப்பு. பேனாவுக்காகச் சட்டைப்பையில் விரலை விட்டேன்.

விரலில் தட்டுப்பட்டது பேனா அன்று. குளிர்ந்த எஃகு. சுண்டுவிரல் நீளம்.

மகளிடம் காட்டினேன். அவள் குதிப்பதை நிறுத்தினாள்.

"அப்பா… அது இல்லாம கழுத்து நிக்காதுப்பா."

"அங்கே ஒன்று வாங்கிக்கொள்ள முடியாதா?"

"இந்த அளவு இந்த வண்டிக்கு மட்டும்தான். வேற ஆணி போட்டா, ஓட்டறதுக்கு முன்னாடி சோதிச்சு வெளிய தள்ளிடுவாங்க." கண்ணை மூடித் திறந்தாள். "பத்து அம்பதுக்கு இன்னொரு விமானம் இருக்கு. அதுல போனாத்தான் உண்டு. நாளைக்குக் காலைல ஆறரை."

"நீ போயிட்டு வாயேன்."

"எனக்கும் இடம் கிடைக்கும்பா. ஆனா நான் போகமாட்டேன்."

"ஏன்?"

"ஆணி யாரு பையில இருக்கு?"

அவள் என் எதிரிலேயே கைப்பேசியை எடுத்து, ஒலியைப் பெருக்கி, அக்காவை அழைத்தாள். மூன்றாம் மணியில் எடுத்தார். ஒன்பது ஆண்டுகளுக்குப் பிறகு அந்தக் குரல்.

"சொல்லுடி. கிளம்பிட்டாளா?"

"அம்மா வந்துட்டிருக்காங்க பெரியம்மா. வண்டியும் வருது. ஆனா அதோட ஆணி ஒண்ணு இங்க தங்கிடுச்சு. அது இல்லாம வண்டி நிக்காது. அடுத்த விமானத்துல கொண்டு வரணும்."

"யாரு கொண்டு வர்றா?"

"அப்பா."

மறுமுனையில் ஒரு பாத்திரம் வைக்கப்படும் ஓசை கேட்டது. ஒரு கதவு சாத்தப்பட்டது. நான் ஒன்று, இரண்டு என்று எண்ணிக்கொண்டிருந்தேன். பதினொன்றில் குரல் வந்தது.

"ஆணி வரட்டும்."

இணைப்பு அறுந்தது.

இரண்டே சொற்கள். பிழை எதுவும் இல்லை. எழுவாய், ஆணி. பயனிலை, வரட்டும். அந்த வாக்கியத்தில் நான் எந்த உறுப்பாகவும் இல்லை.

மீண்டும் பதினோராம் முகப்பு. அதே பெண். பயணச்சீட்டைக் கொடுத்துவிட்டு, "கையில என்ன எடுத்துட்டுப் போறீங்க சார்?" என்றாள்.

"ஆணி."

"அதுக்கு வேற பேரு ஏதும் வெச்சிருக்கீங்களா?"

"இல்லைம்மா. ஆணிதான்."

இப்போது மணி பத்து. வாயிலுக்கு எதிரே நான்காம் நாற்காலியில் அமர்ந்து, நீல மையால் இதை எழுதிக்கொண்டிருக்கிறேன். என் மனைவியின் விமானம் இன்னும் தரையிறங்கவில்லை. அவள் இறங்கிய பிறகு, அக்காவின் வீட்டு வாசலில், கழுத்தில்லாத வண்டியின் அருகே இருவரும் காத்திருக்கும்போது, நான் போய் நிற்பேன். ஆணியை நீட்டினால் வாங்கிக்கொள்வார்கள். அதோடு ஏதாவது சொல்ல வேண்டும்.

முயன்று பார்த்தேன். 'தங்களுக்கு ஏற்பட்ட மனவருத்தத்திற்கு' என்று ஒன்றைத் தொடங்கினேன். மனவருத்தம் தானாக ஏற்படவில்லை, அடித்துவிட்டேன். 'தவறு நேர்ந்துவிட்டது' என்று இன்னொன்று. தவறு நேர்வதில்லை, செய்யப்படுகிறது. 'செய்யப்படுகிறது' என்பதும் செயப்பாட்டுவினை. செய்தவன் அதில் ஒளிந்துகொள்கிறான். அதையும் அடித்தேன். மூன்றாம் வரியில் 'நான்' என்று எழுதினேன். அதற்குமேல் பேனா நகரவில்லை. ஏறுவதற்கான முதல் அழைப்பு வந்துவிட்டது.

வாசகர்களே, முப்பத்து நான்கு ஆண்டுகள் உங்களிடமும் உங்கள் பிள்ளைகளிடமும் வாக்கியம் கேட்டு வாங்கியவன் நான். இன்று நான் கேட்பதைத் தட்டக் கூடாது. அக்காவிடம் நான் சொல்ல ஒரே ஒரு வாக்கியம். 'நான்' என்பது எழுவாயாக இருக்க வேண்டும். செய்தவன் ஒளிந்துகொள்ள இடமிருக்கக் கூடாது. இந்த இதழ் உங்கள் கைக்கு வரும்போது அந்தக் கதவு திறந்திருக்கும், அல்லது மூடியிருக்கும். இருந்தாலும் எழுதுங்கள், ஒரு முறை சொல்லி முடிகிற வாக்கியமாக எனக்கு அது தோன்றவில்லை. பிழை இருந்தால் இருக்கட்டும், திருத்தமாட்டேன். சிவப்புப் பேனா என் மகளிடம் இருக்கிறது. எழுதி அனுப்புங்கள்.